கறுப்பு நாடா

பிரியமுள்ள வீட்டுக்காரிக்கு,

நான் நலம். நீயும், உன் விடுதிப் பெண்கள் அறுபது பேரும், உன் முழங்காலும் நலமாக இருக்க வேண்டும். மாடிப்படி ஏறும்போது கைப்பிடியைப் பிடித்துக்கொள். இங்கே மூன்று நாளாக மெல்லிய தூறல். சமையலறைக் குழாய் இன்னும் ஒழுகுகிறது. அதற்கு நீ திட்டவேண்டியதை உன் சார்பில் நானே திட்டிக்கொண்டேன்.

என் ஓய்வூதிய வழக்கு திங்கட்கிழமை விசாரணைக்கு வருகிறது. அதற்குள் உன்னிடம் ஒன்று சொல்லியாக வேண்டும்.

நேற்று மதியம் சாப்பிட்டுவிட்டு நாற்காலியில் கண்ணயர்ந்தேன். கனவில் அலுவலகப் பதிவறைக்குள் நடந்துகொண்டிருந்தேன். முப்பத்தோரு வருடம் அந்த அறையில் நான் பாதி விழிப்பில்தான் இருந்தேன், உனக்குத் தெரியாததா? யாரோ எப்போதோ எழுதிய விடுப்புக் கடிதத்தைப் படித்துக்கொண்டே எங்கோ போய்விடுவேன். கேட்ட கோப்பு கேட்ட நேரத்தில் போகாது. கட்டாய ஓய்வு கொடுத்து அனுப்பியதும் அதற்காகத்தானே. அங்கே மேல் சன்னல் வழியாக வெயில் இறங்கிக்கொண்டிருந்தது, தூசி அவசரமில்லாமல் மிதந்தது. என் கை ஒரு பதிவேட்டைச் சுற்றி நாடா கட்டியது. கறுப்பு நாடா.

விழித்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஓய்வு பெற்றவர்களின் பணிப்பதிவேட்டுக்கு வெள்ளை நாடா, பணிநீக்கமானவர்களுக்குக் கறுப்பு. கட்டி அடுக்குவது என் வேலை. கடைசி நாளில் என் பதிவேட்டையும் நான்தான் கட்டினேன். துரத்திவிட்டார்களே என்ற ரோஷத்தில் கை தானாகக் கறுப்பை எடுத்திருக்கிறது. ஆணையின் நகலைக்கூட அன்றே கிழித்துப் போட்டேனே.

இன்று காலை போய்ப் பார்த்தேன். பதிவறையில் இப்போது இருக்கும் அம்மா நல்லவர். பணிநீக்க அடுக்கின் கீழ்த்தட்டிலிருந்து எடுத்துக் கொடுத்தார். ஐயா, இது உங்க முடிச்சுதானே, வேற யாரும் இடப்பக்கம் சுருக்கு வெக்க மாட்டாங்க என்று கேட்டார். உள்ளே மூல ஆணை பத்திரமாக இருந்தது. கட்டாய ஓய்வு என்றுதான் எழுதியிருக்கிறது. நிறத்தை மட்டும் பார்த்துத்தான் மூன்று வருடமாக, பணிநீக்கமானவருக்கு ஓய்வூதியம் கிடையாது என்று பதில் போட்டிருக்கிறார்கள்.

வெள்ளையா மாத்திக் கட்டிட்டுப் போங்க, நான் எதையும் பாக்கலை என்றார் அந்த அம்மா. வெள்ளை நாடாவைக் கையில் எடுத்தேன். நீ திரும்பி வந்து குழாயைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொள்வது வரை கண்ணில் தெரிந்தது. ஆனால், பிரிவு அலுவலர் வேண்டுமென்றே ஆவணத்தை மாற்றிவிட்டார் என்று நீ பதினேழு மனு எழுதியிருக்கிறாய். அதனால் அவருடைய பதவி உயர்வு நின்றுபோயிருக்கிறது. போன மாதம் பேருந்தில் பார்த்தபோது, உங்க வீட்டம்மா பேனாவுல அப்படி என்னதான் ஊத்தி எழுதுறாங்க என்று சிரித்தபடியேதான் கேட்டார். நாடா இப்போது மாறினால், வழக்குக்குப் பயந்து அவரே திருப்பி மாற்றிவிட்டார் என்று பழி அவர் தலையில் நிரந்தரமாக விழும்.

கறுப்பு அப்படியே இருக்கட்டும் என்றேன். தவறு என்னுடையது என்று அங்கேயே ஒரு பக்கம் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். மறுபடியும் கவனக்குறைவு என்று ஓய்வூதியத்தில் ஒரு பங்கைக் குறைத்தாலும் குறைப்பார்களாம். குறைக்கட்டும்.

என்னைச் சுடுவது அதுவல்ல. ஐம்பத்தெட்டு வயதில் நீ ஊரார் பெண்களுக்குக் காவலாக, மணியடித்தால் எழுந்து, ஒற்றைக் கட்டிலில் தூங்குகிறாய். மூன்று வருடம். என் கை போட்ட ஒரு முடிச்சுக்கு. எனக்கு வெட்கமாக இருக்கிறது.

பிரிவு அலுவலருக்கு மன்னிப்புக் கடிதம் எழுத வேண்டும். எனக்கு மனு நடையில் நாலு வரி சேர்ந்தாற்போல் எழுத வராது, பதினெட்டாவதையும் நீதான் எழுத வேண்டும். உன் மேசையைத் துடைத்து வைத்திருக்கிறேன்.

உனக்குக் கோபம் வரும். வரட்டும், நியாயம்தான். ஆனால் கடிதத்தில் திட்டாதே. இங்கே வந்து திட்டு.

வாசலைப் பார்த்தபடி,
உன் வீட்டுக்காரர்