தழும்பில் தேதி இல்லை

அன்புள்ள மகள் சீட்டிக்கு, சித்தப்பா எழுதுவது. இங்கே நானும் உன் சித்தியும் குண்டுக்கல் மாதிரி அசையாமல் இருக்கிறோம், அங்கே நீயும் உன் தொண்டையும் ஒரு குறையும் இல்லாமல் இருந்தால் அதுவே எங்களுக்குப் போதும். போனில் என்றால் நானே பேசிக்கொண்டு போவேன், சொல்ல வேண்டியது மட்டும் வாய்க்குள்ளேயே நின்றுவிடும் என்று சித்திதான் கடிதமாக எழுதச் சொன்னாள். எட்டாவதோடு நிறுத்தியவன் என்றாலும் என் எழுத்து முத்து முத்தாக இருக்கும், வகுப்புப் பலகையில் தேதி எழுத என்னைத்தான் கூப்பிடுவார்கள், தலைமையாசிரியரே நின்று பார்ப்பார்.

கடை நன்றாகப் போகிறது. கம்பெனிக்காரனே கைவிட்ட டிவியெல்லாம் என் கையில் எழுந்து உட்காருகிறது. போட்டியில் ஜெயித்த அன்று நீ கோப்பையைத் தூக்கிப் பிடித்த படத்தை முகப்புக் கண்ணாடியில் ஒட்டினேன் அல்லவா, வெயிலில் கோப்பை வெளுத்துப்போய்விட்டது, நீ அப்படியே இருக்கிறாய். பக்கத்துக் கடைத் தையல்காரர் உங்க பொண்ணு என்ன மாதிரி பாட்டு பாடுதுண்ணே என்றார், சோல் என்றேன், செருப்புக்கு அடியில இருக்குமே அதுவா என்றார். யோவ் ஆத்மாய்யா அது, அடிவயித்திலிருந்து வரும் என்று ஒரு மணி நேரம் விளக்கினேன், குண்டூசியை உதட்டில் கவ்விக்கொண்டே தலையை ஆட்டினார்.

விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் ஆறு டிவியை வரிசையாக வைத்து, நிறம் ஒத்துப்போகிறதா என்று பார்க்க ஒரே சேனலைப் போட்டிருந்தேன். உன் கதவுப் பாட்டு வந்தது. சாவி என்னிடம் இல்லை, தட்டவும் மனமில்லை என்று நீ இழுப்பாயே அதே இழுப்பு, ஆனால் ஆறு டிவியிலும் வாயைத் திறந்தது வேறொரு பெண். உனக்கு முன்னமே தெரியும், எங்களிடம் சொல்லவில்லை என்று பிறகுதான் தெரிந்தது. தையல்காரரிடம் இது எங்க பொண்ணு எழுதின பாட்டு என்றேன். போன வாரம் செய்தி வாசிக்கிற அம்மா உங்க ஒண்ணுவிட்ட தங்கச்சின்னீங்க, புளுகுக்கும் ஒரு அளவு வேணும்ணே என்று சிரித்தார். நான் ஒரு முழத்தை ஒன்பது முழமாக்குகிறவன்தான். அன்றைக்குச் சொன்னது சரியாக ஒரு முழம், அது விலை போகவில்லை.

நீ போட்டியில் ஜெயித்ததும் பாட்டுக் கம்பெனியோடு போட்ட ஒப்பந்தத்தை நினைத்தால் சோறு இறங்கவில்லை. அப்போது உனக்குப் பதினேழு வயது, வளர்க்கிற பெரியவர் கையெழுத்து வேண்டும் என்றார்கள். பிரத்தியேகக் கலைஞர் என்று போட்டிருந்ததை நீ கேட்டாய், பிரத்தியேகம்னா ஸ்பெஷல்டி, ஆயிரத்தில் உன்னை ஒருத்தியைத்தான் அப்படிப் போடறாங்க என்று வக்கீல் மாதிரி சொன்னேன். அவர்களைத் தவிர யாருக்கும் பாடக் கூடாது, எழுதுகிற பாட்டெல்லாம் அவர்களுடையது என்பதுதான் அதற்கு அர்த்தமாம். காற்றாடிக்கு விடுகிற மாதிரி நீள வால் இழுத்துக் கையெழுத்துப் போட்டேன், அவர்கள் கை தட்டினார்கள்.

பாட்டைத் திருப்பிக் கேட்க நீ வைத்திருக்கிற வக்கீலம்மா என்னைக் கூப்பிட்டிருந்தார். பாட்டு கையெழுத்துக்கு முன்னால் பிறந்தது என்றால் உன்னுடையது, பின்னால் என்றால் அவர்களுடையது. முன்னால்தான் என்று நீ சொல்கிறாய், பாடினவள் சொன்னால் மட்டும் போதாதாம், கேட்டவனும் சொல்ல வேண்டுமாம். கேட்டவன் நான் ஒருத்தன்தான். மூன்று முறை எழுதிக் கொடுத்தேன். முதலில் அன்றைக்கு மழை என்று எழுதினேன், அடுத்ததில் கரண்ட் போயிருந்தது என்று எழுதினேன், மூன்றாவதில் தெருவே கூடி நின்று அழுதது. கரண்ட் இல்லாமல் நீங்க விரலைச் சுட்டுக்கிட்ட, ஈயம் பத்த வைக்கிற இரும்பு எப்படிங்க சூடாச்சு என்று கேட்டார். ஐயா, கதை வேண்டாம், நடந்ததை மட்டும் வியாழக்கிழமைக்குள் எழுதுங்க என்று திருப்பி அனுப்பிவிட்டார்.

அங்கேதான் மாட்டிக்கொண்டேன் கண்ணு. இந்தக் கதையை எத்தனை பேரிடம் எத்தனை விதமாகச் சொல்லியிருப்பேன், சொல்லச் சொல்ல நான் சேர்த்ததும் நடந்ததும் ஒன்றாய்க் கலந்துவிட்டது. முன்னால்தான் என்று நீ சொன்னதாலேயே எனக்கு அப்படித் தோன்றுகிறதா, உண்மையிலேயே நினைவிருக்கிறதா என்று எனக்கே பிடிபடவில்லை. சித்தியைக் கேட்டால், நீங்க சொன்னதைத்தானே நான் கேட்டேன் என்கிறாள். நிச்சயமாகத் தெரிந்தது இவ்வளவுதான், நீ காலி டிவிப் பெட்டியைக் கவிழ்த்துப்போட்டுத் தட்டிக்கொண்டு பாடினாய், நான் கேட்டுக்கொண்டே இரும்பின் சூட்டு முனையைப் பிடித்துவிட்டேன், நீ பாடி முடிக்கும்வரை வலிக்கவே இல்லை. ஆள்காட்டி விரலில் தழும்பு இருக்கிறது. மின்னல் தாக்கியது என்றும் திருடனைப் பிடித்தேன் என்றும் இந்த விரலைக் காட்டித்தான் ஊரில் சொல்லி வைத்திருக்கிறேன். வக்கீலம்மாவிடம் காட்டினேன், பார்த்தார், தழும்பில் தேதி இல்லையேங்க என்றார்.

வியாழனுக்கு இன்னும் நான்கு நாள். இந்த முறை அவ்வளவை மட்டும்தான் எழுதப் போகிறேன், மழை இல்லை, கூட்டம் இல்லை, முன்னா பின்னா என்பதும் இல்லை. அது உனக்கு உதவாது என்று தெரியும். என்னை மன்னிக்க வேண்டும் என்று கேட்கவில்லை, கோபம் வந்தால் போன் செய்து திட்டு, நான் குறுக்கே பேச மாட்டேன். வெந்நீர் குடி, வேளைக்குச் சாப்பிடு, அந்தப் பாட்டை யாரும் இல்லாத அறையிலாவது பாடு, அதற்கு எவன் கையெழுத்தும் வேண்டாம். சித்தியின் ஆசியும் என் ஆசியும் உன் தலைமேல் எப்போதும் இருக்கும்.

இப்படிக்கு, வால் இழுக்காமல்,
உன் சித்தப்பா.