பெருமாளோட சுண்டு விரல்

1997 டிசம்பர், இரண்டாம் ஞாயிறு

இன்னிக்கு சித்தூர் சர்ச்சுல கிறிஸ்துமஸ் பாட்டு கேசட் வெளியிட்டாங்க. பத்து வருஷமா அதுக்கு அட்டைப்படம் வரைஞ்சது நான்தான். இந்த வருஷம் என் பொண்டாட்டி எஸ்தரோட தம்பி சாமுவேல், சென்னையில கத்துக்கினு வந்த கம்ப்யூட்டர்ல செஞ்சு குடுத்தான். போவட்டும்னு இருந்தேன்.

கேசட்டைக் கையில வாங்கினதும் அட்டையை உத்துப் பாத்தேன். அதுல இயேசுவோட வலது கை நான் வரைஞ்சது. திருப்பதி கடைங்களுக்கு நான் வரைஞ்ச பெருமாள் பாட்டு கேசட் அட்டைலேர்ந்து எடுத்து, நகையை மட்டும் அழிச்சிருக்கான்.

கைன்னா என் கையைப் பாத்துதான் வரைவேன். சின்ன வயசுல சைக்கிள்லேர்ந்து விழுந்து எலும்பு முறிஞ்சு, புத்தூர் கட்டு போட்டும் சுண்டு விரல் கோணலாவே நின்னுடுச்சு. அந்தக் கோணல் பெருமாளுக்கும் வந்துச்சு. இப்ப இயேசுவுக்கும் வந்திருக்கு.

நான் பெருமாள் வரையறது சபையில யாருக்கும் தெரியாது. அந்த வேலையைப் பிடிச்சுக் குடுத்ததே சாமுவேல்தான். வெளிய இழுத்துக்கினு போய்க் கேட்டேன். சிரிச்சான்.

"உன் கைதான் மாமா. உள்ள போய், எங்கேர்ந்து எடுத்ததுன்னும் நீயே சொல்லேன்."

அயோக்கியப் பய. கையை எடுத்துக்கினதுமில்லாம என் வாயையும் கட்டிட்டான். எஸ்தர்கிட்ட எப்படிச் சொல்றது? அவ தம்பியாச்சே.

திரும்பி உள்ள போனா, பாஸ்டர் கேசட்டைத் தூக்கிக் காட்டிக்கினு இருந்தார். "இந்தக் கையைப் பாருங்க. ஜெபம் பண்ணாம இப்படி ஒரு கை வராது"ன்னார். சபையே ஆமென்னு சொல்லுச்சு. சாமுவேல் என்னையே பாத்துக்கினு இருந்தான்.

கையைப் பாக்கெட்டுக்குள்ள விட்டுக்கினு நானும் ஆமென்னு சொன்னேன்.