நாற்பத்தாறு கிராம்

மார்ச் 4, புதன்

கோகோ இறக்குமதி வரி முப்பது விழுக்காட்டிலிருந்து பன்னிரண்டாகக் குறைகிறது. சொன்னவர் சுங்கத்துறை உதவி ஆணையர். ஆணையையும் கண்ணால் பார்த்தேன். நிருபர்கள் நான்கு பேருக்கு மட்டும் காட்டினார்கள், வெள்ளி காலை பத்து மணிவரை மூச்சு விடக்கூடாது என்ற நிபந்தனையோடு. முப்பத்தொரு வருடத்தில் இந்த மாதிரி வாக்கை நான் ஒரு முறையும் மீறியதில்லை. செய்தியை எழுதி வைத்துவிட்டேன்.

மார்ச் 5, வியாழன்

காலையில் தங்கை கூப்பிட்டாள். அவளுடைய சாக்லேட் பட்டறைக்கு மூன்று மாதக் கோகோ வெண்ணெயை மொத்தமாக எடுக்கலாமா என்று யோசனை. மொத்த வியாபாரி சாயங்காலத்துக்குள் பதில் கேட்கிறாராம்.

"விலை இன்னும் ஏறும்னு பயமுறுத்துறாருண்ணா. உனக்கு ஏதாவது தெரியுமா?"

"எனக்கென்ன தெரியும்?"

வேறு என்ன சொல்வது? 'சொல்லக்கூடாதும்மா' என்றால் அதுவே சொன்னது மாதிரிதான்.

மார்ச் 6, வெள்ளி

பத்து மணி ஒரு நிமிடத்துக்கு இணையத்தில் ஏற்றினோம். ஆசிரியர் தோளில் தட்டினார்.

மதியம் தங்கை. குரலே மாறியிருந்தது. "நேத்து சாயங்காலம் பணம் கட்டிட்டேன். இன்னிக்குச் செய்தி வருது, மேல உன் பேரு."

நான் வாயெடுத்தேன்.

"தெரியாதுன்னு சொன்னியேண்ணா. தெரியாதுன்னு."

வைத்துவிட்டாள்.

மார்ச் 8, ஞாயிறு

நிறுக்கும் நாள். எட்டு கம்பெனிச் சாக்லேட்டைக் கடையில் காசு கொடுத்து வாங்கி, உறையை உரித்து, சமையலறைத் தராசில் வைப்பேன். விலையைத் தொடாமல் எடையை மட்டும் கிள்ளுவது பெரிய கம்பெனிகளின் கைவரிசை. உறையில் ஒன்று, உள்ளே ஒன்று. யார் யார் கிள்ளினார்கள் என்று செவ்வாய்ப் பத்தியில் பட்டியல் போடுவேன்.

தங்கை ஒவ்வொரு ஈட்டிலும் முதல் சாக்லேட்டை எனக்கு அனுப்புவாள். அது பட்டியலில் சேராது. அனுப்பியதை எழுதுவதில்லை, வாங்கியதைத்தான் எழுதுவேன். நிறுத்துவிட்டுப் போனில் எண்ணை மட்டும் சொல்வேன். "அம்பது." "அம்பதா? சரி, வை." பதினொரு வருடமாக இதுதான் எங்கள் பேச்சு. அம்மாவும் போன பிறகு எனக்குக் குடும்பம் என்று இருந்தது இந்த எண்தான்.

இந்த வாரம் பொட்டலம் வரவில்லை.

மார்ச் 15, ஞாயிறு

எட்டில் மூன்று குறைகின்றன, வரி இறங்கிய பிறகும்! எழுதினேன். எட்டையும் டப்பாவில் போட்டு மூடினேன், நாளை அலுவலகத்தில் தின்பார்கள். இங்கே தின்ன ஆள் ஏது?

மார்ச் 19, வியாழன்

தொலைபேசி அடித்தது. ஓடிப்போய் எடுத்தேன். காஸ் ஏஜென்சி.

மார்ச் 24, செவ்வாய்

கோகோ வெண்ணெய் மொத்த விலை பதினான்கு விழுக்காடு இறங்கியிருக்கிறது. கிடங்கில் மொத்த வியாபாரியைப் பார்த்தேன்.

"ஊருக்கே விலை சொல்ற அண்ணன். கூடப் பொறந்தவளுக்கு மட்டும் வாயில கொழுக்கட்டை" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

நான் செய்தது சரிதான். அவளுக்கு மட்டும் சொல்லியிருந்தால் மற்றப் பட்டறைக்காரர்கள் ஏமாந்திருப்பார்கள். அவர்களுக்கு நிருபர் அண்ணன் கிடையாது. சரி — இதை நான் யாரிடம் சொல்வது? சுவரிடமா?

மார்ச் 29, ஞாயிறு

நிறுத்தேன். பொட்டலம் இல்லை.

ஏப்ரல் 4, சனி

பொட்டலம் வந்தது. கடிதம் இல்லை. முகவரி அவள் கையெழுத்து. முகம் கழுவிவிட்டு வந்து பிரித்தேன்.

உறையில் 50 கிராம். தராசில் 46.

தராசை அணைத்து மறுபடி போட்டு நிறுத்தேன். 46. இரண்டு ஐந்து ரூபாய்க் காசை வைத்துச் சோதித்தேன்; தராசில் பிழையில்லை. சாக்லேட்டைத் திருப்பிப் பார்த்தேன். அச்சு அதேதான், ஊற்றியது குறைவு. விரலால் தடவினால் ஓரம் மெலிந்திருக்கிறது.

அடிப்பாவி. நீயுமா?

ஏப்ரல் 6, திங்கள்

ஏழு கடை ஏறி இறங்கினேன். மூன்று கடையில் அவளுடைய சாக்லேட் இருந்தது, காசு கொடுத்து வாங்கினேன். மூன்றும் பிப்ரவரியில் செய்தவை, மூன்றும் ஐம்பது. கடைசிக் கடைக்காரர், "புதுச் சரக்கு இன்னும் வரலீங்க. அந்தம்மா அடுத்த வாரம் தர்றேன்னாங்க" என்றார்.

ஆக, மெலிந்த சாக்லேட் இன்னும் எந்தக் கடைக்கும் போகவில்லை. உலகத்தில் அது என் மேசையில் மட்டும்தான் இருக்கிறது. நான் நிறுப்பேன் என்று அவளுக்குத் தெரியாதா? தெரிந்துதான் அனுப்பியிருக்கிறாள்.

அப்படியென்றால் இது திருட்டு இல்லை. கேள்வி. போன முறை வாயால் கேட்டுப் பார்த்தாள். நான் தெரியாது என்றேன்.

ஏப்ரல் 7, செவ்வாய்

முப்பத்திரண்டு நாளைக்குப் பிறகு நானே கூப்பிட்டேன். மூன்றாவது மணியில் எடுத்தாள். பின்னால் கலக்கும் இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது.

"நாப்பத்தாறு" என்றேன்.

இயந்திரத்தை நிறுத்திவிட்டு வந்தாள். "தெரியுதா?"

"நாக்குல தெரியல. தராசுல தெரியுது."

"எல்லாரு வீட்டுலயும் தராசு இருக்கா?"

"இல்ல. இந்தக் கிறுக்கன் வீட்டுலதான்."

சிரிப்பு மாதிரி ஒரு சத்தம். உடனே அடக்கிக்கொண்டாள். "பழைய விலைக்கு வாங்கின வெண்ணெய்ண்ணா. விலைய ஏத்தினா கடைக்காரங்க எடுக்க மாட்டாங்க. பெரியவங்கல்லாம் கிள்ளுறாங்க, நானும் நாலு கிராம் கிள்ளினா என்ன?"

"கிள்ளலாம். உறையில நாப்பத்தாறுன்னு போட்டுட்டுக் கிள்ளு."

"போடாம கடைக்கு அனுப்பிட்டா?"

"வாங்கி நிறுப்பேன். பட்டியல்ல வரும். என் தங்கச்சிங்கிறதும் சேர்ந்து வரும்."

வைத்துவிடுவாள் என்று நினைத்தேன். வைக்கவில்லை.

"பரவால்ல" என்றாள் கடைசியில். "இந்தத் தடவை முன்னாடியே சொல்லிட்டே."

'அன்னிக்கு நான்...' என்று ஆரம்பித்தேன்.

"அத விடு. மிச்சத்த என்ன பண்ணினே? எடைக்கு வெச்சுப் பூஜை பண்ணாதே, தின்னு."

"ஒரு துண்டு தின்னுட்டேன். இப்ப நாப்பத்திரண்டுதான்."

"பாரு, கிள்ளுறது யாருன்னு!"

ஏப்ரல் 8, புதன்

உறுதியானது: பழைய உறையில் புதிய சாக்லேட் கடைக்குப் போகாது. சொன்னவர் பட்டறை உரிமையாளர், என் தங்கை.

நிலுவையில் இருப்பது: புது உறையில் நாற்பத்தாறா, இல்லை நஷ்டத்தைத் தாங்கிக்கொண்டு பழையபடி ஐம்பதா. அச்சகத்துக்கு நாளை வியாழன் மாலை ஆறு மணிக்குள் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டு எனக்குக் கூப்பிடுவதாகச் சொன்னாள்.

நாளை மாலைச் செய்தியாளர் கூட்டத்துக்கு வேறு ஆளை அனுப்பும்படி ஆசிரியரிடம் கேட்டிருக்கிறேன். ஐந்தரை மணிக்கு வீட்டில் இருக்க வேண்டும்.