டிமைஸ் என்ற சொல்லும் உன் பெயரும்

சேசு மரியே துணை

பேசாலை,
02.11.1973, வெள்ளிக்கிழமை.

அன்புள்ள மகன் பிலேந்திரனுக்கு,

ஆண்டவருடைய தயவால் அம்மாவும் அக்கா அன்ரோனெற்றும் நானும் மூச்சோடு இருக்கிறோம். இதற்கு அடுத்த வரியில் உன் சுகத்தைக் கேட்பதுதான் முறை, எந்தக் கடிதத்திலும் அந்த இடத்தில் கை தானாக எழுதிக்கொண்டு போகும், இன்றைக்கு அதே இடத்தில் பேனை நின்றுவிட்டது. நீ சுகமா என்று கேட்பதற்கு முன்னால் நீ இருக்கிறாயா என்று கேட்கவேண்டிய நிலைக்கு வந்துவிட்டேன். எனக்குப் பயமாக இருக்கிறது மகன், இத்தனை வயதில் இப்படிப் பயந்ததில்லை. நடந்ததை ஒளிக்காமல் முதலில் இருந்து எழுதுகிறேன், அதில் என் பிழையும் இருக்கிறது, அதையும் எழுதுகிறேன்.

ஓகஸ்ட் மாதம் பெய்ரூத்தில் இருந்து நீ போட்ட கடிதத்துக்குப் பிறகு உன்னிடமிருந்து ஒன்றும் வரவில்லை. நான் பதில் எழுதி வழக்கம்போலக் கொழும்பில் உள்ள கப்பல் ஏஜென்சிக் கந்தோருக்கு அனுப்பினேன், அவர்கள்தானே கப்பல் நிற்கும் துறைமுகத்தைப் பார்த்து உனக்குச் சேர்ப்பிக்கிறவர்கள். ஒக்டோபர் ஒன்பதாம் திகதி தபால்காரர் தம்பு பெரிய உறை ஒன்றைக் கொண்டுவந்து தந்தார். உடைத்தால் உள்ளே நான் உனக்கு எழுதிய கடிதம் உடையாமல் அப்படியே கிடக்கிறது, அதோடு டைப் அடித்த ஒரு துண்டு. கப்பலின் டிமைஸ் காரணமாக அதன் ஊழியர்களுக்கு வரும் கடிதங்களை இந்தக் கந்தோர் இனிக் கையேற்காது என்று இங்கிலீசில் மூன்று வரி. உன் பெயர் இருந்த இடத்தில் பெயருக்குப் பக்கத்தில் லேற் என்று வேறு போட்டிருந்தது. தலைமன்னார்ப் பியர் ஸ்ரேசனில் முப்பது வருடம் றெயில் பிந்தும் நாட்களில் இந்த லேற் என்ற சொல்லைக் கரும்பலகையில் எழுதியவன் நான், எழுதி வைத்தால் எப்படியும் றெயில் வந்துவிடும். ஆனால் ஆளின் பெயருக்குப் பக்கத்தில் அந்தச் சொல் வந்தால் அது காலஞ்சென்றவர் என்பது பேப்பரில் மரண அறிவித்தல் பார்க்கிற யாருக்கும் தெரியும்.

டிமைஸ் என்ற சொல் எனக்குத் தெரியாது. பொதிகளின் மேல் ஒட்டிய இங்கிலீசை வாசித்துக்கொண்டே வேலையில் காலத்தைக் கழித்தவனுக்கு அந்தச் சொல் ஒருநாளும் எதிர்ப்படவில்லை. அகராதியை எடுத்துப் பார்த்தேன். பக்கத்தின் அடியில் கடைசிச் சொல்லாக அது இருந்தது, அதற்கு நேரே மரணம் என்று போட்டிருந்தது. அந்தக் கிழமைதான் றேடியோவில் நீ நின்ற பக்கத்தில் யுத்தம் தொடங்கிவிட்டது, துறைமுகங்களில் குண்டு விழுகிறது என்று சொன்னார்கள். கப்பலின் மரணம், காலஞ்சென்ற பிலேந்திரன். நான் வேறு என்னத்தை நினைப்பேன்? உன் அம்மா அடுப்படியில் மீன் அரிந்துகொண்டு நின்றாள், கடுதாசியில என்ன கிடக்கு எண்டு கேட்டாள். கப்பல் கடலில தாண்டுபோச்சு, பிள்ளை போயிட்டான் எண்டு நானே என் வாயால் சொன்னேன்.

அன்றைக்குப் பேசாலையில் ஒரு வள்ளமும் கடலில் இறங்கவில்லை. சனம் வந்து முற்றம் நிறைந்துவிட்டது, பெண்கள் உன் சின்ன வயதுக் குழப்படிகளைச் சொல்லிச் சொல்லி அழுதார்கள். அம்மா முதலில் ஒரு கத்துக் கத்தினாள், பிறகு எழும்பி முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து அந்தத் துண்டை என் கையில் இருந்து பறித்தாள். கடுதாசியில செத்தவனுக்கு நான் அழமாட்டன், எந்தக் கடலில, எந்த நாள், ஆர் கண்டது எண்டு ஒரு மனிசன் வந்து சொல்லட்டும் எண்டு எல்லாருக்கும் முன்னால் சொன்னாள். துக்கத்தில் பேசுகிறாள் என்று எல்லாரும் நினைத்தார்கள், நானும் அப்படித்தான் நினைத்தேன். மூன்றாம் நாள் கோயில் மூப்பர் யாகப்பர் வந்து, உத்தரிக்கிற ஆத்துமாக்களின் திருநாள் பூசைக்குப் பெயர் எடுக்கிறம், பெடியன்ர பெயரையும் போடுவமோ என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். அம்மா குளிக்கப் போயிருந்த நேரம். நான் அவருடைய கொப்பியை வாங்கிச் சிங்கராசா மகன் பிலேந்திரன் என்று என் கையால் எழுதிக் கொடுத்தேன்.

அம்மா விடவில்லை. உந்தச் சொல்லை இங்கிலீசு தெரிஞ்ச ஆக்களிட்டக் காட்டு, உனக்குப் பொதிச் சீட்டு இங்கிலீசு மட்டுந்தான் தெரியும் எண்டு என்னைப் பிடுங்கி எடுத்தாள். கோபம் வந்தது, ஆனாலும் பஸ் ஏறி முருங்கனுக்குப் போனேன், அரசாங்கக் கச்சேரியில் தலைமை இலிகிதராக இருந்து இளைப்பாறிய தில்லைநாதன் ஐயா அங்கேதான் மகள் வீட்டில் இருக்கிறார். கண்ணாடியைப் போட்டு அந்தத் துண்டை இரண்டு முறை வாசித்தார். சிங்கராசா, உந்தச் சொல்லை நான் எத்தினை காணி உறுதியில பாத்திருப்பன், இந்தக் காணியை இன்னாருக்கு டிமைஸ் பண்ணிறம் எண்டால் குத்தகைக்குக் குடுக்கிறம் எண்டுதான் அர்த்தம், காணி செத்துப்போச்சு எண்டோ அர்த்தம் என்று கேட்டார். எனக்கு நெஞ்சில் ஒரு பாரம் இறங்கினது போல இருந்தது. ஆனால் மனிதர் நேர்மையானவர், அதோடு நிற்கவில்லை. வெள்ளைக்காரரின் ராசா இறந்த வருடம் கச்சேரிக்கு வந்த சுற்றறிக்கையிலும் இதே சொல்தானாம், அங்கே ராசா கண்ணை மூட முடி அடுத்த ஆளுக்குக் கைமாறுவதை அப்படிச் சொல்வார்களாம். அப்ப கப்பலுக்கு எது ஐயா என்று கேட்டேன். அதுதான் தெரியேல்லை, கப்பலைக் காணி மாதிரி எடுக்கிறாங்களோ ராசா மாதிரி எடுக்கிறாங்களோ என்று சொல்லிவிட்டு நெற்றியைத் தடவினார். லேற் என்பதற்கும் முன்னர் அங்கே இருந்தவர் என்று இன்னொரு பொருள் உண்டாம், வேலை மாறிப் போனவர்களுக்கும் கந்தோர்களில் அப்படி எழுதுவார்களாம். வீட்டுக்கு வந்து அகராதியை மறுபடி எடுத்தேன். பக்கத்தைத் திருப்பினால் அந்தச் சொல்லின் மிச்சப் பொருள் மறுபக்கத் தலைப்பில் கிடக்கிறது, குத்தகை, உரிமை மாற்றம் என்று. ஒரு பக்கம் திருப்பாமல் உன்னைச் சாகடித்துவிட்டேன் மகன். இதை அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை, உனக்குத்தான் முதலில் சொல்கிறேன்.

பிறகு எருக்கலம்பிட்டி அப்துல் ஹமீட்டைப் பிடித்தேன், கருவாட்டுப் பொதிகளோடு கிழமைக்கு ஒருக்கால் கொழும்புக்கு றெயில் ஏறுகிறவர், பியரில் எனக்குப் பழக்கமானவர் என்பது உனக்கும் தெரியும். நோன்போடு அந்த மனிதர் ஏஜென்சிக் கந்தோரில் ஒரு பகல் முழுக்கக் காத்திருந்து கேட்டு வந்திருக்கிறார். சிங்கராசா அண்ணன், கப்பல் தாளேல்லை, ஓடிக்கொண்டு இருக்குதாம், வேற ஒரு கொம்பனி வெறுங் கப்பலாக் குத்தகைக்கு எடுத்திருக்கு, ஆக்களை அவங்களே போடுவாங்களாம், அதைத்தான் உந்தச் சொல்லால சொல்லுறது என்று வாசலில் நின்றே சொன்னார். அம்மா அந்த இடத்திலேயே முழங்காலில் இருந்துவிட்டாள். நான்தான் அடுத்த கேள்வியைக் கேட்டேன், அப்ப பழைய ஆக்கள் எங்கே? செப்டெம்பர் முதலாம் திகதி இறக்கிவிட்டார்களாம், எந்தத் துறைமுகத்தில் என்று அந்தக் கந்தோரில் ஒருவருக்கும் தெரியாதாம், சொல்லச் சொல்ல ஹமீட்டின் குரல் தணிந்துகொண்டு போனது.

அன்றிலிருந்து புதுப் பயம். கப்பல் உயிரோடு இருக்கிறது, நீ எங்கே? இறக்கிவிட்ட ஆள் இரண்டு மாதமாக ஒரு வரி எழுதாமல் ஏன் இருக்கிறான்? யுத்தம் நடக்கிற ஊரில் இறக்கினார்களா, பாஷை தெரியாத ஆஸ்பத்திரியில் கிடக்கிறாயா, வேறு ஏதாவது கப்பலில் ஏறி அதற்கு ஏதாவது நடந்ததா? இரவெல்லாம் இதுதான். அம்மாவிடம் கேட்டால் அவன் வெக்கத்தில எழுதாமல் இருக்கிறான், வேலை போனதை எப்பிடிச் சொல்லுறது எண்டு இருக்கிறான் என்கிறாள். அப்படி என்றால் எவ்வளவு நல்லது. உண்மையாக அதுதான் காரணம் என்றால் மகன், நீ வேலை இல்லாமல் வந்தாலும் வெறுங்கையோடு வந்தாலும் இந்த வீட்டில் உன்னை யாரும் ஒரு சொல் கேட்கமாட்டார்கள். அக்காவும் அதைத்தான் எழுதச் சொன்னாள்.

மூப்பரின் கொப்பியில் உன் பெயர் கிடப்பது அம்மாவுக்கு எப்படியோ தெரியவந்துவிட்டது. நீ எழுதினது, நீயே போய்க் கோடிழுத்து அடி என்று ஒரு கிழமை சொன்னாள். இரண்டு முறை போனேன், யாகப்பர் கொப்பியை விரித்தும் தந்தார், இரண்டு முறையும் பேனையைச் சட்டைப் பையில் இருந்து எடுக்காமலே திரும்பி வந்தேன். இதை நீ விளங்கிக்கொள்ளவேண்டும். அடித்துவிட்ட பிறகு வேறு செய்தி வந்தால், பெற்ற பிள்ளையின் ஆத்துமாவுக்கு ஒரு பூசையையும் இல்லாமல் செய்த அப்பன் ஆகிவிடுவேனே என்று பயந்தேன். ஒரு சொல்லைப் பிழையாக வாசித்தவனுக்கு மறுபடி எதையும் நிச்சயமாகச் சொல்லத் துணிவு வரவில்லை. பங்குச் சுவாமியிடம் கேட்டேன். உயிரோட இருந்தாலும் செபம் வீண்போகாது சிங்கராசா என்றார், நானும் அதைப் பிடித்துக்கொண்டு இருந்துவிட்டேன். அம்மாவிடம் அடித்துவிட்டேன் என்று பொய் சொன்னேன்.

இன்றைக்குக் காலை அந்தப் பூசை. வாடைக்காற்று தொடங்கிவிட்டது, கோயில் கதவுகள் அடித்துக்கொண்டிருந்தன, வெளியே மழைத் தூறல். மரித்தவர்களின் பெயர்களைச் சுவாமி ஒவ்வொன்றாக வாசித்துக்கொண்டு வந்தார். நான் ஆண்கள் பக்கத்தில் தூணோடு நின்றேன், உன் பெயருக்கு முன்னால் எத்தனை பெயர் இருக்கிறது என்பது எனக்குத் தெரியும். சிங்கராசா மகன் பிலேந்திரன் என்று வாசித்தார். பெண்கள் பக்கத்தில் இருந்து அம்மா எழும்பினாள். பள்ளிக்கூடத்தில் இடாப்புக் கூப்பிடும்போது சொல்வார்களே, அந்த மாதிரி, அவன் இருக்கிறான் சுவாமி எண்டு சொன்னாள். அழுகை இல்லை, கத்தவும் இல்லை, ஆனால் கடைசி வாங்கு வரைக்கும் கேட்டது. சொல்லிவிட்டு முக்காட்டைச் சரி செய்துகொண்டு இருந்துவிட்டாள். சுவாமி பீடத்தில் கிடந்த பேனையை எடுத்துக் கொப்பியில் ஒரு கோடு இழுத்துவிட்டு அடுத்த பெயரை வாசித்தார்.

பூசை முடிந்த பின் என்னைக் கூப்பிட்டார். ஏசப்போகிறார் என்று போனேன், அவர் ஒரு தடித்த புத்தகத்தை எடுத்து நாலு துறைமுகங்களில் திருச்சபை நடத்துகிற கடலோடிகள் விடுதிகளின் விலாசங்களை எழுதித் தந்தார். இறங்கின பெடியங்கள் ஒருநாளைக்கு அங்க எட்டிப் பாப்பாங்கள், எழுதிப் போடு என்றார். ஆகவே இதே கடிதத்தை நாலு பிரதி எழுதப்போகிறேன், நாலில் எது உன் கையில் கிடைத்தாலும் மற்ற மூன்றும் வீணாகப் போகட்டும். அம்மா சாப்பிடாமல் தபால் கந்தோர் வாசலில் போய் இருக்கிறாள், தம்பு ஐந்து மணிக்கு முன் பையைக் கட்டிவிடுவாராம், நான் கெதியாக எழுதி முடிக்கவேண்டும்.

யுத்தம் நடக்கிற கரையில் நிற்கிறாய் என்றால் எப்படியாவது விலகிப்போ. அவசரப்பட்டு யாரோ ஒருவனின் பழைய கப்பலில் கையெழுத்து வைக்காதே. குளிர் காலம் வருகிறது, நெஞ்சில் சளி பிடிக்கிற உடம்பு உனக்கு, கம்பளியைப் போர்த்துக்கொண்டு படு. உத்தரியத்தைக் கழுத்தில் இருந்து கழற்றாதே. மாதா உன்னைத் தன் சேலைக்குள் மறைத்துக் காப்பாளாக, நாங்கள் மூவரும் பொழுதுபட்டதும் செபமாலையில் உன் பெயரைச் சொல்லுகிறோம், உயிரோடு இருக்கிறவர்களுக்கான செபத்தில்தான் சொல்லுகிறோம். ஒன்றை மட்டும் மறக்காதே. பதிலை வேறு ஆளைக் கொண்டு இங்கிலீசில் எழுதுவிக்காதே, தந்தியும் அடிப்பிக்காதே, உன் கையால் தமிழில் எழுது. நான் இருக்கிறேன் என்று எழுதினால் போதும், அதற்கு நான் அகராதி பார்க்கத் தேவையில்லை. இன்றைக்கு அம்மா ஊர் முழுக்கக் கேட்க, ஆண்டவருடைய சந்நிதியில் உனக்காகச் சாட்சி சொல்லிவிட்டாள் மகன். அவளைப் பொய்க்காரி ஆக்கிவிடாதே.

இப்படிக்கு,
உன் வரவையே பார்த்திருக்கும் அப்பா,
ம. சிங்கராசா