தாலி இல்லாத கசெற்

12.6.1988
கீழ்வீட்டுக் கிரேக்கன் தனாசிஸ் இன்றும் தேத்தண்ணி குடிக்க வந்தான். ஏதென்சில் முப்பது வருடம் சினிமாப் படம் பிடித்தவனாம். அழுகைப் படம், சண்டைப் படம், பாட்டுப் படம், எல்லாம் பிடிப்பானாம். பட்டப்பகலில் எடுத்து இரவாகக் காட்டுவானாம். ஒரு கழுதையை வைத்தே முழுப் பகிடிப் படம். கப்பல் போன பிறகும் துறைமுகத்தில் நிற்கிற கிழவனை எடுத்ததற்குப் பரிசாம். நிற்கிற கிழவனை எடுக்க என்ன கெட்டித்தனம்?

இவ்வளவு தெரிந்தவன் ஏன் லண்டன் பிளேஸ்டோவில் மகளின் கடையில் மீன் பொரிக்கிறான்? ரீவி வந்து தியேட்டர்களைப் பூட்டிவிட்டார்களாம். போன மாசியில் கேட்டபோது முதலாளியோடு சண்டை என்றான். மூன்றாம் வகுப்போடு நின்றாலும் எனக்கு மறதி இல்லை.

3.7.1988
மகன் கணேசலிங்கத்துக்கு விசா இல்லையாம். பேத்தி நிர்மலாவுக்கு இங்கே கலியாணம், பெற்ற தகப்பன் கொழும்பில். "அப்பா, வீடியோவிலையாவது வடிவாப் பாக்கவேணும்" என்றான் போனில்.

28.8.1988
வீடியோக்காரன் யோகராஜா ஒரே நாளில் இரண்டு கலியாணத்துக்குத் தலையாட்டி, எங்களைக் கைவிட்டான். நிர்மலாவின் தாய், மருமகள் சிவனேஸ்வரி, தனாசிஸைக் கேட்டுவிட்டாள்.
"மாமா, அந்தாள் சினிமாவே எடுத்தவர்."
"ஓம். கழுதையையும் எடுத்தவன்."

4.9.1988
கலியாணம் முடிந்தது. யோகராஜா என்றால் கண் கூச லைற் பிடிப்பான். தாலி கட்டுகிற கையை அப்படியே நிறுத்தி, இரண்டு பேரையும் கமெராப் பக்கம் திருப்புவான். தனாசிஸ் லைற்றை அணைத்துவிட்டு மூலையில் நின்றான். கெட்டிமேளம் கேட்டுச் சனம் அரிசி போட எழும்பியது. அப்போதும் மரம் மாதிரி நின்றான்.

11.9.1988
கசெற் பார்த்தோம். தாலி இல்லை. முதுகுகள், தூக்கிய கைகள், பிறகு நான். மேளம் ஓயும் வரைக்கும் என்ரை மூஞ்சி!

சிவனேஸ்வரி அழுதாள். "திரும்பக் கட்டச் சொல்லி எடுப்பமோ?" என்று நிர்மலா கேட்டாள். தாலியை இரண்டாம் தரம் கட்டுறதோ? என்ன பிள்ளை இது.

கீழே போய் எனக்குத் தெரிந்த இங்கிலீசில் ஏசினேன். அவன் மீனைப் புரட்டிக்கொண்டே சொன்னான்: எல்லோரும் தாலியைப் பார்த்தார்கள், நீ மட்டும் பார்க்கவில்லை, அதனால் உன்னை எடுத்தேன். இது ஒரு நியாயம்!

வேறு கசெற் ஏது? அதையே அனுப்பினோம்.

2.10.1988
கணேசலிங்கம் போன் எடுத்தான். தாலியைக் கேட்பான் என்று பதிலோடு இருந்தேன். கேட்கவில்லை.
"அப்பா, தாலி கட்டேக்கை நீங்கள் மண்டப வாசலைப் பாத்துக்கொண்டு நிண்டனீங்கள்."
"சாப்பாடு வந்திட்டுதோ எண்டு பாத்தனான்."
"ஓம் அப்பா. அந்த இடத்தைத்தான் திருப்பித் திருப்பிப் பாக்கிறன்."

சாப்பாடு காலையிலேயே வந்துவிட்டது. அது அவனுக்குத் தெரிய வேண்டியதில்லை.

16.10.1988
தனாசிஸ் பழைய கமெராவோடு மேலே வந்தான். மகனுக்கு அனுப்ப என்னை ஒரு படம் எடுக்கவேண்டும் என்று நான்தான் சொன்னேன். யோகராஜாவுக்கு நேரமில்லை. யோகராஜாவை நான் கேட்கவும் இல்லை.

கதிரையை யன்னலடிக்கு இழுத்தான், திரும்பத் தள்ளினான். முகில் விலகட்டும் என்றான். லண்டனில் முகில் விலகுமோ, விசரன். புதுச் சட்டையோடு இருந்தேன். முறைக்காதே என்றான். நான் என்ன இவன் சொன்னபடி நிற்கிற கழுதையோ?

வெயில் வரவில்லை. நாளைக்கும் வரச் சொன்னேன்.