கண்ணாடி அறையில் ஒரு தையல்காரி

அன்புள்ள அக்காவுக்கு,

தங்கை எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் சுகம். அங்கே நீயும் மகளும் மருமகனும் பிள்ளைகளும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். பிள்ளைகளுக்கு என் முத்தங்கள்.

என் வாழ்க்கையை எழுதிய புத்தகம் வந்துசேர்ந்ததா என்று போன கடிதத்தில் கேட்டிருந்தேன். பதில் இல்லை. வந்துசேர்ந்தது என்றுதான் எடுத்துக்கொள்கிறேன்.

எழுத்தாளரை உனக்குத் தெரியாது. தொலைபேசி அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஒன்றுமில்லாமல் தொடங்கி மேலே வந்தவர்களின் வாழ்க்கையை மட்டும்தான் எழுதுவார். மூட்டை தூக்கி லாரி முதலாளி ஆனவர், பாத்திரம் கழுவி ஓட்டல் வைத்தவர், இப்போது தையல்காரியான நான். இந்தப் பக்கத்து ஊர்களில் அவர் புத்தகம் இல்லாத நூலகம் கிடையாது. மழைக்காலம் முழுக்க என் எதிரே உட்கார்ந்து கேட்டுக் கேட்டு எழுதினார். எழுதியதைப் படித்தும் காட்டினார். அதில் நீ இருந்தாய். ஒரே மிஷினில் நாம் மாறி மாறி உட்கார்ந்தது, பள்ளிக்கூடச் சட்டைக்கான முதல் ஆர்டரை நீ சண்டை போட்டு வாங்கி வந்தது, எல்லாம் இருந்தது. அச்சாகி வந்ததில் நீ இல்லை. நீ மிதித்ததையெல்லாம் நான் மிதித்திருக்கிறேன். நீ போட்ட சண்டையையும் நானே போட்டிருக்கிறேன். நானா சண்டை போடுகிறவள்?

என் மகன் பெரியவன் இப்போது தையல் தொழிற்கூடத்தின் வாசல் பக்கம் கண்ணாடிச் சுவர் வைத்து ஓர் அறை கட்டி, எங்கிருந்தோ ஒரு பழைய மிதி மிஷினை வாங்கிப் போட்டிருக்கிறான். பள்ளிக்கூடங்களிலிருந்தும் சங்கங்களிலிருந்தும் ஆட்கள் வரும்போது நான் அதில் உட்கார்ந்து தைக்க வேண்டும். கண் மங்கிவிட்டது, ஊசியில் நூல் கோக்க வரவில்லை. "நூல் எதுக்கும்மா, சும்மா மிதிங்க, வெளியேர்ந்து பார்த்தா தெரியாது" என்கிறான். மிதிக்கிறேன். துணி நகர்கிறது, தையல் விழுவதில்லை. பிள்ளைகள் கண்ணாடியில் மூக்கை ஒட்டவைத்துப் பார்க்கிறார்கள். உன்னிடம் வந்து கொஞ்ச நாள் இருக்கிறேன் என்றேன். அடுத்த வாரம் ஒரு கல்லூரியிலிருந்து வருகிறார்கள், அதற்குப் பிறகு பார்க்கலாம் என்றான். அந்தக் கல்லூரி போய் வேறொரு கல்லூரியும் வந்துவிட்டது. கெட்டவன் இல்லை அக்கா. நன்றாகத்தான் பார்த்துக்கொள்கிறான்.

உள்ளே சுவரில் புத்தகத்திலிருந்து ஒரு வரியைப் பெரிதாக எழுதி மாட்டியிருக்கிறான். காய்ச்சலில் உடம்பு கொதித்தபோதும் அவர் மிதியை நிறுத்தவில்லை என்று. அதன் பிறகு யாருக்கும் லீவு கிடைப்பதில்லை. வாயைத் திறந்தால் சுவரைக் காட்டுகிறான்.

போன மாதம், காஜா போடும் பெண்ணின் தங்கைக்கு வயிற்றில் ஆபரேஷன். ஆஸ்பத்திரியில் கூட இருக்க வேறு ஆள் இல்லை. பெரியவனிடம் கேட்டுப் பார்த்துவிட்டு என் கண்ணாடி அறைக்கு வந்தாள். "நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்கம்மா. உங்களுக்கு அப்ப யாரும் இல்ல, படிச்சேன். ஆனா அவளுக்கு நான் இருக்கேனே" என்றாள்.

எழுந்து உள்ளே போனேன். எல்லோர் முன்னாலும் பெரியவனிடம் அவளுக்கு லீவு கொடு என்றேன். அந்தக் காய்ச்சலில் மிதித்தது நான் இல்லை, உன் பெரியம்மா என்றேன். காய்ச்சலோடு நான் மேசைக்கு அடியில் துணிக்கட்டின் மேல் சுருண்டு கிடந்ததையும், தலைக்கு மேலே மிதிச் சத்தம் விடாமல் கேட்டதால்தான் பயமில்லாமல் தூங்கியதையும் சொன்னேன். மிஷின்கள் எல்லாம் நின்றுவிட்டன. அவன் கோபப்படவில்லை. என் தோளை அணைத்துக்கொண்டு, "அம்மாவுக்கு இப்பல்லாம் ஞாபகம் கொஞ்சம் தடுமாறுது" என்று எல்லோரிடமும் சொல்லிவிட்டு, என்னைக் கூட்டி வந்து மறுபடியும் அங்கேயே உட்காரவைத்தான். காஜாப் பெண் சொல்லாமல் கொள்ளாமல் கிளம்பிப் போனாள். திரும்பி வந்தபோது அவள் இடத்தில் வேறொருத்தி உட்கார்ந்திருந்தாள்.

அன்றிலிருந்து மருமகள்கூட என்னிடம் உரக்க, நிறுத்தி நிறுத்திப் பேசுகிறாள். மாத்திரை போட்டேனா என்று ஆளாளுக்குக் கேட்கிறார்கள். கேட்டுக் கேட்டு எனக்கே என்மேல் சந்தேகம் வந்துவிடும் போலிருக்கிறது.

எழுத்தாளரை வரச்சொன்னேன். தேநீரை ஆறவிட்டு உட்கார்ந்திருந்தார். "மறந்துபோய் விடலம்மா, வேணும்னுதான் எடுத்தேன்" என்றார். "என்னைப் படிக்கிறவங்க தன்னந்தனியா கிடக்கிறவங்க. அக்கா இருந்ததாலதான் ஏற முடிஞ்சதுன்னு எழுதினா, அக்கா இல்லாதவங்க எங்க போவாங்க?" என்று கேட்டார். இதற்கு என்ன சொல்வதென்று உனக்குத் தெரிந்திருக்கும். காஜாப் பெண்ணுக்கு நடந்ததைச் சொன்னேன். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார். அடுத்த பதிப்பில் உன்னைச் சேர்க்க அவருக்குச் சம்மதம்தான். ஆனால் அம்மாவுக்கு நினைவு சரியில்லை, அவர் சொல்லி எதையும் மாற்றாதீர்கள் என்று பெரியவன் பதிப்பகத்துக்கு முன்பே சொல்லிவிட்டானாம்.

புத்தகத்துக்காக உன்னைக் கூப்பிடவில்லை அக்கா. அது எப்படியோ போகட்டும். நீ ஒரு தடவை வா. பெரியவன் எதிரே நின்று, உன் அம்மா சொல்வது நிஜம்தான் என்று சொல்லிவிட்டுப் போ. என்மேல் கோபம் இருந்தால் கோபத்தோடேயே வா. வர முடியாவிட்டால் என்னைத் திட்டி நாலு வரி எழுது. நீ திட்டினால் அது நீதான் என்று எனக்குத் தெரிந்துவிடும். நாம் இரண்டு பேராகத்தான் இருந்தோம் என்பது நானாக நினைத்துக்கொண்டது இல்லை என்று ஆகிவிடும்.

வழி பார்த்திருக்கும் தங்கை,
உன் பொடிசு