பல்லி சத்தமிட்டபோது நான் சொல்லிக்கொண்டிருந்தது

பீளமேடு,
கோயம்புத்தூர்.
8 ஆகஸ்ட் 1996

அன்புள்ள ரெபேக்காவுக்கு,

இங்கே நான் நலம். லண்டனில் இப்போது வெயில் காலம் என்று செய்தித்தாளில் பார்த்தேன். ஆனாலும் உனக்கு எந்தக் காலத்திலும் சளி பிடிக்கும். கவனமாக இரு.

முதலில் ஒரு திருத்தம். நான் பல்லி சொல்வதைக் கேட்டு நடப்பவள் அல்ல. அப்படித்தான் இந்த ஊரில் இப்போது பேசிக்கொள்கிறார்கள். ஆதாரம் கேட்டால் உன்னைக் காட்டுகிறார்கள்.

என் கொழுந்தன் மகன் சென்னகிருஷ்ணனை உனக்கு நினைவிருக்கும், கல்லூரியில் பாடம் நடத்துகிறவன். அவன்தான் நூலகத்துக்கு வந்த ஆங்கில ஆராய்ச்சி இதழில் உன் கட்டுரையைப் பார்த்து ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு வந்தான். தென்னிந்தியாவில் ஓர் ஆலை நகரத்துப் படித்த குடும்பங்கள் எப்படி யோசிக்கின்றன, எப்படி முடிவெடுக்கின்றன என்பது விஷயம். என் பெயர் அதில் இல்லை. 'திருமதி வி.' என்றுதான் இருக்கிறது. ஆனால் நூற்பாலை முதலாளியின் விதவை, கான்வென்டில் படித்தவர், வேலைக்காரியிடமும் இலக்கணமாகப் பேசுபவர் என்றெல்லாம் எழுதிவிட்டால் பீளமேட்டில் யாராவது வேறு ஆளைத் தேடுவார்களா?

ஆனி மாத முகூர்த்தத்தில் பல்லடத்தில் ஒரு கல்யாணம். அதற்கு முன்பே சென்னகிருஷ்ணன் கட்டுரையை நாலு பேருக்குப் படித்துக் காட்டியிருக்கிறான். பந்தியில் உட்கார்ந்திருக்கிறேன், எனக்குப் பின்னால் யாரோ நாக்கைத் தட்டிப் பல்லி மாதிரி சத்தம் கொடுத்தார்கள். என் நாத்தனார் பங்காரம்மா பரிமாறுகிறவனைக் கூப்பிட்டு, "ஏனுங்க தம்பி, பல்லி கத்திப்போட்டுதுங்க, எங்க அண்ணிக்கு இன்னொரு கரண்டி ரசம் ஊத்துங்க" என்றாள். வரிசை முழுக்கச் சிரிப்பு. அவளை உனக்குத் தெரியும், மனதில் ஒன்றும் வைத்துக்கொள்ளமாட்டாள், வாயில்தான் எல்லாம். நான் பாயசம் வரை சாப்பிட்டு, தாம்பூலமும் வாங்கிக்கொண்டுதான் எழுந்தேன். பாதியில் எழுந்தால் அதையும் பேசுவார்கள்.

காருக்கு வந்தபிறகு சென்னகிருஷ்ணன், "பெரியம்மா, தப்பா நெனச்சுக்காதீங்க, நம்ம ஊட்டுப் பேரு லண்டன் வரைக்கும் போயிருக்குதுங்களே" என்றான். பெயரே இல்லாமல் எப்படிப் போயிற்று என்று கேட்டேன். அவன் கார்க் கதவைத் திறந்துவிட்டான்.

என் வீட்டு மாடியிலிருந்து நீ லண்டனுக்குப் போனது சென்ற வருஷம் தை மாதம். அதற்குப் பின் உனக்கு இரண்டு கடிதம் எழுதினேன். உன்னிடமிருந்து வந்த முதல் எழுத்து இந்தக் கட்டுரைதான். இதையும் நீ எனக்கு அனுப்பவில்லை.

பென்சிலை வைத்துக்கொண்டு நிதானமாகப் படித்தேன். ஆங்கிலம் சுத்தமாக இருக்கிறது. என் ஆசிரியை சிஸ்டர் பெர்னதெத் இருந்திருந்தால் அவரே ஒத்துக்கொண்டிருப்பார். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது. ஆனால் விஷயத்தில் பிழைகள் இருக்கின்றன. புத்தகமாகப் போடும்போதாவது திருத்திக்கொள்.

ஓட்டு வீட்டு விஷயம். ஒரு நாள் மாலை காபி குடிக்கும்போது நீ கேட்டாய்: ஓர் ஊரில் எல்லா வீடும் ஓட்டு வீடு. அங்கப்பன் அந்த ஊரில் வீடு கட்டியிருக்கிறான். அவன் வீடு எந்த மாதிரி வீடு? எந்த அங்கப்பன் என்று நான் கேட்டேன். யாரோ ஓர் அங்கப்பன் என்றாய். எனக்குத் தெரிந்த அங்கப்பன் எங்கள் பழைய டிரைவர். அவன் சூலூரில் கட்டியது கான்கிரீட் வீடு. புதுமனை புகுவிழாவுக்கு நானே போய்ப் பால் குடித்துவிட்டு வந்தேன். அதைச் சொன்னேன். நீ சொன்ன ஊரை நான் பார்த்ததில்லை, பார்க்காததற்குச் சாட்சி சொல்லமாட்டேன் என்றும் சொன்னேன். சிஸ்டர் பெர்னதெத் எங்களைத் தட்டித் தட்டி வளர்த்தது அப்படித்தான். கண்ணால் கண்டதை மட்டும் எழுது, காணாததை எழுதினால் அது பொய்ச்சாட்சி.

நீ எழுதியிருப்பது: 'கொடுக்கப்பட்ட கூற்றுகளிலிருந்து இவரால் முடிவுக்கு வர இயலவில்லை. தமக்குத் தெரிந்த மனிதர்களிடமிருந்து தம் சிந்தனையைப் பிரித்தெடுக்க இவருக்குத் தெரியவில்லை.'

ரெபேக்கா, நீ எதிர்பார்த்த விடை ஓட்டு வீடு என்பது எனக்குத் தெரியாதா? ஆறாம் வகுப்புப் பிள்ளை சொல்லும். தெரிந்த மனிதர்களிடமிருந்து சிந்தனையை எதற்காகப் பிரிக்கவேண்டும் என்பதையும் நீ எழுதியிருக்கலாம். பிரித்து எடுத்ததை வைத்துக்கொண்டு நான் இந்த வீட்டில் என்ன செய்வேன்?

அந்த அங்கப்பன் போன வாரம் தோட்டத்துத் தேங்காய் கொண்டுவந்து கொடுத்தான். "நாகர்கோயில் பாப்பா காயிதம் போட்டாங்களாங்க?" என்று உன்னைப் பற்றிக் கேட்டான். போட்டாள், உன்னையும் விசாரித்திருக்கிறாள் என்றேன். அவன் முகம் மலர்ந்துபோயிற்று. பார்க்காததற்குச் சாட்சி சொல்லமாட்டேன் என்று மேலே எழுதியவளும் நான்தான்.

அடுத்தது பூக் கேட்ட விஷயம். என் கணவரும் அவர் தம்பிகள் இருவரும் ஆலையைச் சேர்ந்தே நடத்துவதா, பிரித்துக்கொள்வதா என்று குலதெய்வத்தின் கோயிலில் பூக் கேட்டதை உனக்குச் சொன்னேன். வெள்ளைப் பூ ஒரு பொட்டலம், சிவப்புப் பூ ஒரு பொட்டலம், சாமி முன்னால் வைத்து ஒரு சின்னப் பெண்ணை எடுக்கச் சொல்வார்கள். சிவப்பு வந்தது. பிரித்துக்கொண்டார்கள். நீ அதை 'பொருளாதார முடிவைத் தற்செயலிடம் ஒப்படைத்தல்' என்று எழுதியிருக்கிறாய். அந்த வீட்டில் சமையல் செய்தவள் நான். மூன்று பேரும் ஒரு வருஷமாக ஒரே மேசையில் பேசாமல் சாப்பிட்டார்கள். பிரியத்தான் போகிறோம் என்பது மூன்று பேருக்கும் தெரியும். பிரிவோம் என்ற சொல்லை எந்த அண்ணன் தம்பி முதலில் சொல்வது? அதற்காகத்தான் கோயிலுக்குப் போனார்கள். வரும் வழியில் மூன்று பேரும் ஒரே கடையில் நின்று, சிரித்துப் பேசிக் காபி குடித்தார்கள். அப்படி அவர்கள் பேசி நான் பார்த்து வெகுநாள் ஆகியிருந்தது. அதையும் உனக்குச் சொன்னேன். கட்டுரையில் காபி இல்லை.

வீட்டுச் செய்தி சொல்கிறேன். சிறுவாணித் தண்ணீர் ஒரு நாள் விட்டு ஒரு நாள்தான் வருகிறது. என் வலது முழங்கால் மாடிப்படி ஏற மறுக்கிறது. ஆனாலும் வெள்ளிக்கிழமைகளில் ஏறி உன் அறையைப் பெருக்கச் சொல்லி நின்று பார்க்கிறேன். அந்த அறையை ஒரு வங்கி அதிகாரி வாடகைக்குக் கேட்டார். தொண்டாமுத்தூர்க்காரர், நல்ல குடும்பம். சிகரெட் பிடிக்கிறவர்போல் தெரிகிறது என்று சொல்லி அனுப்பிவிட்டேன். அவர் பாக்குக்கூடப் போடமாட்டார் என்று பிறகு சென்னகிருஷ்ணன் சொன்னான். இருக்கலாம்.

கட்டுரையின் முதல் பக்கத்திலேயே இன்னொரு பிழை. 'பெரிய வீட்டில் தனியாக வசிக்கும் விதவை' என்று எழுதியிருக்கிறாய். நீ என்னைப் பார்த்துக் குறித்துக்கொண்டிருந்த நாட்களில் நான் தனியாக வசிக்கவில்லை. மாடியில் நீ இருந்தாய். என் பள்ளித் தோழி ஞானாபரணம், உறவுக்காரப் பெண், ஆராய்ச்சிக்காக வருகிறாள், கொஞ்ச நாள் இடம் கொடு என்று கேட்டதால் கொடுத்தேன். முதல் வாரம் உனக்குத் தனியாகச் சாப்பாடு அனுப்பினேன். பிறகு நீயே இறங்கி வந்து என் எதிரில் உட்கார்ந்துகொண்டாய். என் புளிக்குழம்பில் தேங்காய் போதாது என்று சொன்ன ஒரே ஆள் நீதான். என் கணவர்கூடச் சொன்னதில்லை. மேசையில் இரண்டு தட்டு இருந்த காலம் அது. ஒரு தட்டு என்று அச்சில் வந்திருக்கிறது. இதை அவசியம் திருத்து.

இனி பல்லிக்கு வருகிறேன்.

நீ எழுதியிருப்பது அப்படியே: 'பேசிக்கொண்டிருக்கும்போது பல்லி ஒலித்தால் திருமதி வி. பேச்சை நிறுத்தி, மேசையை விரலால் மூன்று முறை தட்டுகிறார். பல்லி தன் எல்லையைக் காக்கவே ஒலிக்கிறது என்பதையும் அறிந்திருக்கிறார். அது தம் சொல்லை உறுதிசெய்கிறது என்றும் நம்புகிறார். முரண்பட்ட இரண்டு நம்பிக்கைகள் இவர் மனதில் சங்கடமின்றி அருகருகே இருக்கின்றன.'

தட்டினேன். என் அம்மா தட்டுவார், நானும் தட்டுவேன். தும்மினால் நீ உன் கர்த்தரைக் கூப்பிடுவது மாதிரி. உன் பேராசிரியரிடமிருந்து போன் வரவேண்டிய நாளில், சித்திரை வெயிலில், ராசி என்று அந்தப் பழைய நீல ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாயே, அதை நான் எந்த இதழிலும் எழுதவில்லை.

நான் தட்டியதை நீ எண்ணியிருக்கிறாய். சரியாகத்தான் எண்ணியிருக்கிறாய். ஆனால் பல்லி சத்தமிட்டபோது நான் என்ன சொல்லிக்கொண்டிருந்தேன் என்பதை எழுதவில்லை. நினைவிருக்கிறதா பார். நீ புறப்படுவதற்கு முந்தின வாரம். பொங்கலுக்கு வந்த கரும்பு மூலையில் சாய்ந்திருந்தது. நீ பெட்டிக்கு எடை பார்த்துக்கொண்டிருந்தாய். நான் என் இலக்கணத்தையும் மறந்து, "போனா எங்கே எழுதப் போறே? அங்கே போனதும் இந்த வீடெல்லாம் உனக்கு மறந்துடும்" என்றேன்.

அதை நான் முடிவாகச் சொல்லவில்லை. நீ இல்லை என்று சொல்வதற்காகச் சொன்னேன். நீ வாயைத் திறந்தாய். அதற்குள் கடிகாரத்துக்குப் பின்னாலிருந்து பல்லி கத்தியது. நான் பழக்கத்தில் தட்டினேன். நீ சிரித்துக்கொண்டே பேனாவை எடுத்தாய். அப்புறம் எவ்வளவு காலமாகத் தட்டுகிறீர்கள், ஆண்களும் தட்டுவார்களா என்று கேள்விகள் கேட்டாய். எல்லாவற்றுக்கும் பதில் சொன்னேன். நான் சொன்னதற்குப் பதில் மட்டும் வரவில்லை.

கட்டுரையின் கடைசிப் பகுதி நன்றாக இருக்கிறது. குறி பொய்த்துப்போனால் எங்களைப் போன்றவர்கள் குறியைக் கைவிடுவதில்லை, அதைக் காப்பாற்றப் புதிது புதிதாகக் காரணம் கண்டுபிடிப்போம் என்று எழுதியிருக்கிறாய். கேட்ட வேளை சரியில்லை, பூக்கட்டியவர் சுத்தமாக இல்லை என்று சொல்வோமாம். உண்மை. என்னிடமே பார்க்கிறேன். என் முதல் கடிதத்துக்குப் பதில் வராதபோது, முகவரியில் எண் தவறியிருக்கும் என்றேன். இரண்டாவதற்கும் வராதபோது, பரீட்சை நேரம் என்றேன். அப்புறம் நீ அறை மாறியிருப்பாய் என்றேன். தபால்காரர்மேல்கூடச் சந்தேகப்பட்டேன், பாவம். நீ சொல்வதுபோல, நம்புகிறவர்களுக்குக் காரணம் தீர்ந்துபோவதே இல்லை. கட்டுரையில் உன் புது முகவரி அச்சாகியிருக்கிறது. அதற்குத்தான் இதை அனுப்புகிறேன்.

ஒரே ஒரு சொல்லை மட்டும் நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். முரண்பட்ட இரண்டு நம்பிக்கைகள் என் மனதில் இருக்கின்றன என்பது சரி. என் மேசையில் அத்தனை மாதம் உட்கார்ந்து சாப்பிட்ட பெண்ணுக்கு என்மேல் பிரியம் இருந்தது என்பது ஒன்று. அவள் என்னைக் குறித்துக்கொள்ளத்தான் உட்கார்ந்திருந்தாள் என்பது இன்னொன்று. இரண்டையும் அருகருகே வைத்திருக்கிறேன். 'சங்கடமின்றி' என்று எழுதியிருக்கிறாயே, அது தவறு. அதை எடுத்துவிடு.

பல்லி இன்னமும் கடிகாரத்துக்குப் பின்னால்தான் இருக்கிறது. அதுவா வேறொன்றா என்று நான் சத்தியம் செய்யமுடியாது. அது கத்தினால் இப்போதும் தட்டுகிறேன். ஆனால் பேசிக்கொண்டிருக்கும்போது அது கத்தி நாளாயிற்று, நான் பேச இங்கே யாரும் இல்லாததால்.

நீ ஆராய்ச்சி செய்கிறவள். அன்றைக்கு அது உறுதி செய்த சொல் சரியா தவறா என்பதைச் சோதித்துப் பார்க்க உன் ஒருத்தியால்தான் முடியும். ஒரு தாளும் தபால் தலையும் போதும். பல்லி வெறும் பிராணிதான் என்று தெரிந்துவிட்டால் அடுத்த கல்யாணப் பந்தியில் பங்காரம்மாவிடம் நானே சொல்லிக்கொள்வேன்.

ஈ-மெயில் என்று ஒன்று வந்திருக்கிறது, கல்லூரிக்கு அனுப்பச் சொல்லுங்கள், வாங்கிப் படித்துக் காட்டுகிறேன் என்கிறான் சென்னகிருஷ்ணன். அவன் படித்துக் காட்டியது போதும்.

உன்னை உன் கர்த்தர் காக்கட்டும். எங்கள் பெருமாளிடமும் உன் பெயரைச் சொல்லிவைத்திருக்கிறேன். அவர் முழுப் பெயராகத்தான் கேட்டுக்கொள்கிறார், முதலெழுத்தாக அல்ல. வேளைக்குச் சாப்பிடு, கண்ணு. படித்துக்கொண்டே சாப்பிடாதே.

இந்தக் கடிதத்துக்கு உன் கையால் பதில் எழுது.

இப்படிக்கு,
வெங்கடலட்சுமி கோவிந்தராஜுலு